கந்தபுராணத்தில் கட்டுண்ட காலம்

காஞ்சிபுரம் குமரகோட்டத்தில் அரங்கேறியதாகப் போற்றப்படும் கச்சியப்ப சிவாசாரியாரின் கந்தபுராணம், காலம் பிறழும் அச்சத்தைப் பானுகோபன் வரலாற்றில் புலப்படுத்துகிறது. தொட்டிலில் கிடந்த சூரபன்மன் மகன், தன்மேல் வெயில் பட்டமைக்குச் சினந்து, கதிரவனைப் பற்றித் தொட்டிற்காலில் பிணிக்கிறான். 'பானுகோபன்' என்பது இதனால் அமைந்த காரணப்பெயர். பகலிரவைப் பகுக்கும் கதிரவன் சிறைப்படவே, காலத்தின் அளவுகோலே அசுரர் உடைமையாகிறது. பிரமன் படைக்கலம் அளித்தே அவனை மீட்கிறான். காலம் விடுபடுகிறது, அசுரர் வலிமையோ பெருகுகிறது. எனினும் சூரபன்மன் பெற்ற வரம் 108 யுகங்களே. எல்லையற்றதாகத் தோன்றும் அவ்வாட்சியும் எண்ணுக்குள் அடங்குகிறது. ஆகவே, காலத்தைக் கட்டிய குலமும் காலத்துக்குக் கட்டுப்பட்டதே என்பது இப்பகுதியின் உட்பொருள் எனலாம்.