திரையில் ஒரு வீடு: கலை இயக்கமும் இடத்தெரிவும்

திரைப்படம் என்றவுடன் நடிகரையும் இயக்குநரையும் எண்ணுகிறோம். கதை நிகழும் வீட்டை அமைத்தவர் யார் என்று கேட்பதில்லை. சிலப்பதிகாரம் பயின்றோர் அவ்வாறு கேளாதிருத்தல் இயலாது. மாதவி ஆடுவதற்கு முன்பே, அரங்கேற்று காதையில் அரங்கின் அளவை உரைத்துவிடுகிறார் இளங்கோவடிகள்: அகலம் 7 கோல், நீளம் 8 கோல், உயரம் 1 கோல். புகவும் வெளியேறவும் இரு வாயில்கள், மூவகை எழினிகள். இவற்றினும் நம்மை வியப்பில் ஆழ்த்துவது, தூண்களின் நிழல் அரங்கில் விழாதவாறு விளக்கை நிறுத்திய செய்தியே. அரங்கமைப்போன் ஒளியை அறிந்தவனாதல் வேண்டும் என்பது இதனால் பெறப்படும்.

அவ்வறிவின் தேவை 1960இல் வெளியான 'முகல்-ஏ-ஆஸம்' படத்தில் மீண்டும் நேர்ந்தது. கலை இயக்குநர் எம்.கே.சையத், லாகூர்க் கோட்டையின் ஷீஷ் மகாலைத் தழுவிக் கண்ணாடி மாளிகை ஒன்றை எழுப்பினார். அதனை முடிக்க ஏறத்தாழ ஈராண்டுகள் ஆயின. விளக்கேற்றியபோதோ ஆயிரக்கணக்கான கண்ணாடித் துண்டுகளும் ஒளியை எதிரே வீசிப் படப்பிடிப்பையே தடுத்தன. ஒளிப்பதிவாளர் ஆர்.டி.மாத்தூர், ஒளியை நேரே பாய்ச்சாமல் வேறு பரப்புகளில் படச்செய்து, அங்கிருந்து மாளிகைக்குள் பரவவிட்டு வென்றார். தூணுக்கு நிழல், கண்ணாடிக்குக் கூசொளி; சிக்கலின் வேர் ஒன்றே.

திரைப்படத்தின் தோற்றம் முழுவதையும் ஒருவரே திட்டமிடும் பணிக்கு 'புரொடக்ஷன் டிசைனர்' என்னும் பெயர், 1939இல் வெளியான 'கான் வித் த விண்ட்' படத்தில் வில்லியம் கேமரன் மென்சீஸுக்கு வழங்கப்பெற்றது. நம் நாட்டில் கலை இயக்குநர் என்றே நெடுங்காலம் வழங்கினோம். 'நாயகன்' (1987) படத்திற்காகத் தோட்டா தரணி சென்னையில் அமைத்த தாராவித் தெருக்களைப் பம்பாய் என்றே நம்பியவர் பலர். அப்பணிக்குத் தேசிய விருதும் கிடைத்தது.

எல்லா இடத்தையும் கட்ட இயலாது; தேடிக் கண்டடைதலும் வேண்டும். இடத்தெரிவு செய்வோர் அழகை மட்டும் பார்த்துத் திரும்பினால் வேலை கெடும். கதிரவன் எத்திசையில் சாய்கிறான், ஜெனரேட்டர் வண்டி தெருவில் நுழையுமா, அருகில் பள்ளிக்கூட மணியோ புகைவண்டி ஒலியோ குறுக்கிடுமா என்பன முதற்கேள்விகள். உரிமையாளரின் எழுத்து இசைவு அடுத்தது. தொல்லியல் துறை காக்கும் சின்னமாயின் முன்னனுமதியின்றிக் கருவியை இறக்கலாகாது. முட்டை வெண்கரு சேர்த்துப் பூசிய செட்டிநாட்டுச் சுவரில் ஓர் ஆணி இறங்கிவிட்டால், அதனைப் பழையபடி ஆக்குவார் இன்று அரியர். தமிழ்நாட்டில் இப்பொறுப்பு பெரும்பாலும் தயாரிப்பு நிர்வாகி, உதவி இயக்குநர் ஆகியோர் தலையிலேயே விழுகிறது.

திரைத்துறை என்றாலே முகஞ்சுளிக்கும் பெரியோர் நம்மிடையே உளர். அவர்தம் அச்சம் காரணமற்றதன்று. எனினும் அவர்களிடம் ஒன்று கேட்க விழைகிறோம். திரையில் காட்டப்படும் முஸ்லிம் வீட்டைக் கண்டிருக்கிறீர்களா? பெரும்பாலும் பச்சைத் திரைச்சீலை, சுவரில் பிறைப்படம், மூலையில் ஒரு ஹூக்கா! இப்படியொரு வீட்டை நம்மூர்களில் நாம் கண்டதில்லை. காயல்பட்டினத்தில் தெருக்களுக்கு இடையே பெண்கள் புழங்கும் முடுக்குகள் உண்டு. அவற்றை அறியாதவர் அமைக்கும் காயல் வீட்டில் வாயில்கள் இடம் மாறியே நிற்கும். கீழக்கரைப் பழைய ஜும்ஆப் பள்ளியின் கல்தூண்களோ திராவிடக் கட்டடக் கலை மரபின. பள்ளிவாசல் எனில் வெங்காயக் குவிமாடமே என எண்ணும் கலை இயக்குநருக்கு இதனை எடுத்துச் சொல்பவர் யார்? அவ்வூர்களில் பிறந்து, அத்தெருக்களில் வளர்ந்த பிள்ளைகள் அத்தொழிலில் இல்லாமையால் நேர்ந்த பிழை இது. ஒதுங்கி நின்றதன் விலையை ஒவ்வொரு படத்திலும் செலுத்துகிறோம்.

பயிற்சிக்கு வழிகள் உள. 1850இல் தொடங்கிய சென்னைக் கவின்கலைக் கல்லூரியில் பயின்றவரே தோட்டா தரணியும் பி.கிருஷ்ணமூர்த்தியும். பின்னவர் 'பாரதி' (2000) படத்திற்காகத் தேசிய விருது பெற்றவர். புனே திரைப்படக் கல்லூரி கலை இயக்கத்தைத் தனிப்பாடமாகவே கற்பிக்கிறது. தமிழ் பயின்ற மாணவர் பெரும்பாலும் கலை இயக்குநரிடம் உதவியாளராகச் சேர்ந்தே கற்கவேண்டியிருக்கும். அவ்வாறு செல்பவர் வரைபட ஏடு ஒன்றைத் தம் கையாலேயே ஆயத்தம் செய்து கொண்டுசெல்க: சொந்த ஊரின் ஒரு தெரு, அதில் ஒரு வீடு, திண்ணை முதல் அடுக்களை வரை அளவுகளோடு, எந்தச் சன்னலில் எந்நேரம் வெயில் விழும் என்ற குறிப்போடு.