ஓய்வுக்குப் பிறகு பணம் பிடிக்கலாமா?

கேள்வி: பல்கலைக்கழகத்தில் உதவியாளராக இருந்து ஓய்வு பெற்றேன். பத்தாண்டுகளுக்கு முன் ஊதியம் தவறாக நிர்ணயிக்கப்பட்டதாகத் தணிக்கையில் ஆட்சேபம் வந்ததாம். பணிக்கொடையில் 3 லட்சம் ரூபாயைப் பிடித்துவிட்டார்கள். என்னிடம் விளக்கமும் கேட்கவில்லை. நான் என்ன செய்யலாம்?

பதில்: மனம் தளராதீர்கள்; சட்டம் பெரும்பாலும் உங்கள் பக்கமே இருக்கிறது. 2014 டிசம்பரில் ரஃபிக் மசி வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: ஊழியர் ஏமாற்றாமல், நிர்வாகத்தின் தவறால் கூடுதலாக வழங்கப்பட்ட தொகையை, ஓய்வு பெற்றவர்களிடமிருந்தோ ஓராண்டுக்குள் ஓய்வு பெற இருப்பவர்களிடமிருந்தோ திரும்பப் பிடிக்கக் கூடாது. ஐந்தாண்டுகளுக்கு மேல் அந்தத் தொகை வழங்கப்பட்டு வந்திருந்தாலும் பிடித்தம் கூடாது.

ஒன்றை மட்டும் கவனியுங்கள். திருத்திய ஊதியத்தைப் பெறும்போது, 'கூடுதல் தொகை இருந்தால் திருப்பித் தருகிறேன்' என்று உறுதிமொழி எழுதிக் கொடுத்தீர்களா? அத்தகைய உறுதிமொழி தந்திருந்த ஒரு நீதித்துறை அதிகாரியிடம் தொகையை வசூலிக்க, ஜக்தேவ் சிங் வழக்கில் (2016) உச்ச நீதிமன்றம் அனுமதித்தது. எனவே பணிப்பதிவேட்டின் நகலைத் தகவல் அறியும் உரிமைச் சட்டப்படி கேட்டு வாங்குங்கள். பிடித்தம் செய்த உத்தரவின் நகலும் அவசியம்.

பிறகு பதிவாளருக்குப் பதிவுத் தபாலில் எழுத்துமூலம் முறையிடுங்கள். பலனில்லையென்றால் அரசியலமைப்பின் 226ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம். விளக்கம் கேட்காமல் பிடித்தது இயற்கை நீதிக்கு முரணானது. அதையும் மனுவில் குறிப்பிடுங்கள்.

ஓய்வூதியமும் பணிக்கொடையும் கருணைத் தொகை அல்ல, உழைத்தவரின் சொத்து. தயங்காமல், காலம் தாழ்த்தாமல் கேளுங்கள்.