விரலை இழுக்கும் தலைப்பு

கேள்வி: இணையத்தில் சில தலைப்புகளை மட்டும் எல்லோரும் அழுத்துவது ஏன்?

பதில்: தெரிந்ததற்கும் தெரியாததற்கும் நடுவிலுள்ள இடைவெளியே ஆர்வத்தைக் கிளப்புகிறது என்று 1994-இல் அமெரிக்க அறிஞர் ஜார்ஜ் லோவன்ஸ்டைன் விளக்கினார். 2012-இல் தொடங்கிய அப்வொர்த்தி தளம் இதையே தொழிலாக்கியது. ஒரு பதிவுக்கு 25 தலைப்புகள் எழுதி, சிலவற்றை வாசகர்களிடம் சோதித்து, அதிகம் அழுத்தப்பட்டதை வைத்துக்கொண்டது. ‘தங்கம் விலை குறைந்தது’ என்றால் செய்தி தலைப்போடு முடிகிறது. ‘நகை வாங்கப் போறீங்களா? இதைப் படிச்சிட்டுப் போங்க’ என்றால் விரல் நிற்காது. உள்ளே சரக்கு இல்லையென்றால் அது ஏமாற்று வேலைதான். வாசகரும் உடனே வெளியேறிவிடுவார். தளங்கள் அதைக் கவனிக்கின்றன. யூடியூப் 2012-இல் பார்வைகளின் எண்ணிக்கையைவிடப் பார்க்கும் நேரத்துக்கு முன்னுரிமை தந்தது. ஃபேஸ்புக் 2014-இல், அழுத்தியவர் எவ்வளவு நேரம் படித்தார் என்பதைக் கணக்கில் சேர்த்தது. சட்டென்று திரும்பி வரவைக்கும் பதிவுகளைப் பின்னுக்குத் தள்ளியது.