துலா கேட்ட கேள்வி



தமிழில் துலா என்றால் தராசு. கடை வைத்துப் பிழைக்கும் என் போன்றோருக்கு அது அன்றாடம் கையில் புழங்கும் சாமான். தூரதேசத்தில் துலா என்ற பெயரோடு ஓர் அடிமை வாழ்ந்தார். அவர் பெயருக்கும் நம் மொழிக்கும் சம்பந்தமில்லை. ஆயினும் அவர் சரித்திரத்தைப் படித்தபோது, நியாயத்தை எடை போட வந்தவருக்குப் பொருத்தமான பெயர்தான் என்று எனக்குத் தோன்றியது. அதையே இம்மாதப் பாடமாக எழுதுகிறேன்.

தென் அமெரிக்காவில் வெனிசுவேலா தேசத்தின் வடகரைக்கு அப்பால் குராசோ என்றொரு தீவு உண்டு. 1634-ல் டச்சுக்காரர்கள் அதை ஸ்பெயின்காரர்களிடமிருந்து பிடித்தார்கள். ஆப்பிரிக்காவிலிருந்து கப்பலில் கொண்டுவந்த மனிதர்களை ஆடுமாடு போல் விற்கும் சந்தையாக அதை ஆக்கினார்கள். மழை குறைந்த தீவு அது. உப்பளத்திலும் சோளக் கொல்லையிலும் அடிமைகளே பாடுபட்டார்கள். 1789-ல் அங்கே 12,000-க்கு மேற்பட்ட அடிமைகள் இருந்தார்கள்.

நம் மலாக்காவும் அக்காலத்தில் டச்சுக்காரர் கையில் இருந்தது நினைவிருக்கட்டும். 1795-ல் ஹாலந்து தேசம் பிரெஞ்சுப் படையிடம் வீழ்ந்தது. அதனால்தான் அதே ஆண்டு ஆங்கிலேயர் மலாக்காவைத் தம் வசம் எடுத்துக்கொண்டார்கள். அந்தச் செய்தி குராசோ தீவின் அடிமைகள் காதுக்கும் எட்டியது. அவர்கள் அதிலிருந்து ஒரு கணக்குப் போட்டார்கள். பிரெஞ்சுக்காரர் 1794-ல் தம் குடியேற்ற நாடுகளில் அடிமை முறையை ஒழித்துவிட்டார்கள். ஹாலந்தோ இப்போது பிரெஞ்சுக்காரரின் பிடியில் இருக்கிறது. அப்படியானால் நாம் மட்டும் ஏன் இன்னும் அடிமை?

1795 ஆகஸ்டு 17 அன்று காலை க்னிப் என்ற தோட்டத்தில் சுமார் 40, 50 அடிமைகள் ஒன்றுகூடி, இனி வேலை செய்ய மாட்டோம் என்று எஜமானிடம் நேரிலேயே சொன்னார்கள். குறையிருந்தால் கவர்னரிடம் போய்ச் சொல்லுங்கள் என்றான் எஜமான். துலாவின் தலைமையில் அவர்கள் புறப்பட்டார்கள். வழியில் அடைபட்டுக் கிடந்த 22 அடிமைகளை விடுவித்தார்கள். தோட்டத்துக்குத் தோட்டம் ஆட்கள் சேர்ந்து நூற்றுக்கணக்கில் பெருகினார்கள். பஸ்தியான் கர்பாட்டா என்பவர் துலாவுக்குத் துணைத் தலைவராக நின்றார்.

முதலில் வந்த சிப்பாய்களை அவர்கள் முறியடித்தார்கள். பிறகு சமாதானம் பேச ஸ்கிங்க் என்ற பாதிரியார் அனுப்பப்பட்டார். அவர் எழுதி வைத்த குறிப்பினால்தான் துலாவின் பேச்சு இன்றும் நமக்குத் தெரிகிறது. அடிமைகள் மூன்று குறைகளைச் சொன்னார்கள். ஒருவன் செய்த பிழைக்கு எல்லாரையும் தண்டிக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமையிலும் வேலை வாங்குகிறார்கள். துணிமணிகளை எஜமானிடமே வாங்க வேண்டும் என்று கட்டாயப்படுத்துகிறார்கள்.

கடைக்காரனாகிய என் மனத்தை இந்த மூன்றாவது குறை தைத்துவிட்டது. கூலி கொடுக்காமல் வேலை வாங்குகிறவனே சரக்கையும் விற்கிறான், விலையையும் அவனே வைக்கிறான் என்றால், அந்த வியாபாரத்தில் தராசுக்கு என்ன வேலை?

நாங்கள் யாருக்கும் தீங்கு செய்ய வரவில்லை, விடுதலைதான் கேட்கிறோம் என்றார் துலா. மனிதர் எல்லாரும் ஆதம், ஹவ்வா என்ற ஒரே தாய் தந்தையர் வழி வந்தவர்கள் அல்லவா என்று பாதிரியாரைக் கேட்டார். அநியாயமாக அடைபட்டிருந்த சகோதரர்களை விடுவித்தது குற்றமா என்றும் கேட்டார். மிருகத்துக்குக் காலில் அடிபட்டால் மருந்து போடுகிறார்கள், எங்களுக்கு அதுவும் இல்லை என்றார்.

அதற்குப் பதில் சொல்ல யாராலும் முடியவில்லை. திரும்பிப் போனால் மன்னிப்பு என்றார்கள். விடுதலை இல்லாத மன்னிப்பு வேண்டாம் என்று மறுத்துவிட்டார்கள். சண்டை மூண்டது. இரு தரப்பிலும் உயிர்கள் போயின. செப்டம்பர் 19 அன்று, அடிமை ஒருவனே காட்டிக்கொடுக்க, துலாவும் கர்பாட்டாவும் பிடிபட்டார்கள். அக்டோபர் 3 அன்று பலர் பார்க்கக் கொடிய வதை செய்து துலாவைக் கொன்றார்கள்.

அவர் பட்ட பாடு முழுதும் வீணாகவில்லை. அதே ஆண்டு நவம்பரில் வேலை நேரம், ஞாயிறு ஓய்வு, உணவு, உடை ஆகியவற்றுக்கு விதிகள் வந்தன. ஆனால் விடுதலை வரவில்லை. ஹாலந்தின் புதிய அரசாங்கமும் அடிமை முறையைத் தொடவில்லை. 1863 ஜூலை 1-ல்தான் அது ஒழிந்தது. துலா குற்றவாளி அல்லர் என்று டச்சு அரசாங்கம் முறைப்படி ஒப்புக்கொண்டது 2023 அக்டோபர் 3 அன்று, அதாவது 228 ஆண்டுகள் கழித்து! இன்று ஆகஸ்டு 17 அத்தீவில் விடுதலைப் போராட்ட நினைவு நாள். க்னிப் தோட்டத்து மாளிகை துலாவின் பெயரால் காட்சிசாலையாக விளங்குகிறது.

சகோதரர்களே! நாம் அனைவரும் ஆதமுடைய மக்கள் என்பதை மதரஸாவில் சிறு வயதிலேயே ஓதிவிட்டோம். எனக்கும் அது மனப்பாடம். துலாவுக்கு அது மனப்பாடம் அல்ல, வழக்கு. உயிரைப் பணயம் வைத்து அவர் கேட்டதை, நாம் நம் கல்லாப்பெட்டி அருகிலாவது கேட்டுக்கொள்ள வேண்டாமா? கடையில் நிற்கும் பையனின் சம்பளத்தை, அவன் வாங்கிய சாமான் கணக்கிலேயே கழித்துக் கழித்து, மாதக் கடைசியில் வெறுங்கையோடு நிறுத்துகிறோமா? அவனுக்குக் காய்ச்சல் என்றால் மருந்துக்கு அனுப்புகிறோமா? இன்றிரவு கடை அடைக்குமுன் கணக்கு நோட்டை ஒருமுறை புரட்டிப் பாருங்கள். நானும் பார்க்கிறேன்.

மாணவர்கள் சிந்திக்க:
1. ஹாலந்து வீழ்ந்த செய்தியிலிருந்து துலா என்ன முடிவுக்கு வந்தார்? அது நியாயமா?
2. மூன்று குறைகளில் உங்களுக்குப் பெரிதாகத் தோன்றுவது எது? ஏன்?

வஸ்ஸலாம்.