கொடுமுடிக் கோகிலம்

ஒலிபெருக்கி இல்லாத காலத்து நாடக மேடை, நடிகரின் குரல்வளத்தை உரைத்துப் பார்க்கும் கட்டளைக்கல்லாய் விளங்கிற்று. இரவில் தொடங்கும் நாடகம் விடியுமட்டும் நடைபெறும். ஆர்மோனிய ஒலியையும் விஞ்சி, கொட்டகையின் கடைக்கோடியில் அமர்ந்திருப்பவர் செவியிலும் பாட்டின் ஒவ்வொரு சொல்லும் தெளிவாய்ச் சென்று சேர்தல் வேண்டும். அத்தேர்வில் வென்று புகழெய்தியவருள் தலையாய ஒருவர் கே. பி. சுந்தராம்பாள்.

காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில் 1908-ஆம் ஆண்டு அவர் பிறந்தார். இளமையிலேயே வறுமை அவரை வாட்டியது. புகைவண்டியில் பாடிப் பொருள் பெற்ற அச்சிறுமியின் குரல், கேட்டவர் உள்ளத்தைக் கவர்ந்து, நாடக மேடைக்கு அவரைக் கொண்டு சேர்த்தது என்பர். சிறுவர் வேடம் புனைந்து நடிக்கத் தொடங்கிய அவர், நாளடைவில் தலைமை நடிகையாய் உயர்ந்தார்.

இலங்கையில் நாடகம் ஆடச் சென்றிருந்தபோது, எஸ். ஜி. கிட்டப்பாவுடன் இணைந்து நடிக்கும் வாய்ப்பு அவருக்குக் கிட்டியது. இன்றைய தென்காசி மாவட்டத்துச் செங்கோட்டையில் பிறந்த கிட்டப்பா, இசைவாணரும் வியந்த பாடகர். மேடையில் இணைந்த இருவரும் 1927-இல் வாழ்விலும் இணைந்தனர். ஆயின் அவ்வாழ்வு நீடிக்கவில்லை. 1933 டிசம்பர் 2-ஆம் நாள், தம் 27-ஆம் வயதில் கிட்டப்பா மறைந்தார்.

சுந்தராம்பாளுக்கு அப்போது வயது 25. அவர் வெள்ளாடை உடுத்தினார், மேடையினின்றும் விலகினார், இனி எந்த ஆடவருக்கும் இணையாக நடிப்பதில்லை என உறுதி பூண்டார். கைம்பெண்ணை வீட்டின் மூலையில் ஒடுக்கிவைத்த காலம் அது. அவருடைய கலைவாழ்வும் அத்துடன் முடிந்திருக்கக்கூடும்.

முடியவில்லை. 'நந்தனார்' படத்தில் நடிக்க அழைப்பு வந்தது. ஆண்வேடம் தாங்கி, நந்தனாராகவே அவர் நடித்தார். 1935-இல் வெளிவந்த அப்படத்திற்கு அவர் பெற்ற ஊதியம் ஓர் இலட்சம் ரூபாய். அந்நாளில் அஃது எவரும் வியக்கும் தொகை. 1953-இல் ஜெமினி நிறுவனத்தின் 'ஔவையார்' வெளிவந்தது. அதன் தலைவி, காதலனை எண்ணி உருகும் கன்னியல்லள். ஊர்தோறும் நடந்து, அரசருக்கும் அறம் உரைக்கும் மூதாட்டி! தொழிலுக்குத் தடையாகும் எனப் பலரும் எண்ணத்தக்க உறுதியே, பிறர் ஏற்கவியலாத வேடங்களுக்கு அவரை உரியவராக்கிற்று.

நாட்டு விடுதலைக்காகவும் அவர் குரல் ஒலித்தது. பின்னாளில் சட்ட மேலவை உறுப்பினராய்த் திகழ்ந்தார், 1970-இல் பத்மஸ்ரீ விருது பெற்றார், 1980-இல் மறைந்தார்.

துன்பம் எவர்க்கும் வரும். அதன்முன் தம் கொள்கையையும் கைவிடாது, கலையையும் கைவிடாது நின்றவர் சுந்தராம்பாள். அவ்வுறுதியே நாம் அவர்பால் கற்கத்தக்கது.