தற்காப்புக் கருவிகள்: எதைத் தேர்ந்தெடுப்பது?

(இரண்டாம் ஆண்டு இளம் அறிவியல், வேதியியல் மாணவி)

முன்னுரை

"இருட்டுமுன் வந்துவிடு", "தனியாகப் போகாதே" என்ற சொற்களைக் கேட்காமல் நம்மில் எந்த மாணவியும் வீட்டு வாயிலைத் தாண்டுவதில்லை. அவ்வாறு சொல்லும் பெற்றோரைக் குறை கூறுவதற்கில்லை. ஆனால் பிற்பகல் சுழற்சியில் பயில்வோரும் ஆய்வுக்கூட வகுப்பு உள்ளோரும் மழைக்காலத்தில் இருட்டுமுன் வீடு சேர்வது நடவாத காரியம். மின்ரயிலில் தாம்பரம் வந்து, அங்கிருந்து பேருந்து மாறி, சேலையூர், மாடம்பாக்கம், முடிச்சூர் என்று உட்பகுதிகளுக்குச் செல்வோர் நம்மில் பலர். இவர்களுக்கு அறிவுரை மட்டும் போதாது. கைக்கு எட்டும் இடத்தில் ஏதேனும் ஒரு கருவியும் வேண்டும். அது எது? உயிரைப் போக்காத தற்காப்புக் கருவிகளை அறிவியல் நோக்கிலும் சட்ட நோக்கிலும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

இக்கேள்வி எழுந்த சூழல்

2014 பிப்ரவரியில், சிறுசேரியில் இரவு பணி முடித்துத் திரும்பிய பெண் பொறியாளர் ஒருவர் கொலையுண்டார். 2016 ஜூன் 24 அன்று காலை, நுங்கம்பாக்கம் ரயில் நிலைய நடைமேடையில் மற்றொரு பெண் பொறியாளர் வெட்டிக் கொல்லப்பட்டார். 2022 அக்டோபர் 13 அன்று, பரங்கிமலை நிலையத்தில் ஒரு கல்லூரி மாணவி ரயில் முன் தள்ளப்பட்டு உயிரிழந்தார். இவற்றுள் இரண்டு பகல் வெளிச்சத்தில், மக்கள் நடமாட்டத்தின் நடுவே நிகழ்ந்தவை. இருட்டு மட்டுமே ஆபத்து என்ற எண்ணம் தவறு என்பது இதனால் விளங்கும்.

எங்கள் குடும்பத்தில் கல்லூரிப் படி ஏறிய முதல் ஆள் நான். என்னைப் போன்றோர் வீடுகளில் இத்தகைய செய்தி ஒன்று வந்தால், "போதும் படித்தது" என்ற பேச்சு உடனே எழுந்துவிடுகிறது. தவறு செய்தவன் எங்கோ இருக்க, தண்டனை மட்டும் எங்கள் படிப்பின்மேல் விழுகிறது. ஆகவே தற்காப்பு என்பது உடலைக் காப்பது மட்டுமன்று, படிப்பைக் காப்பதும் ஆகும்.

கருவியின் வேலை என்ன?

தற்காப்புக் கருவி எதிரியை வெல்வதற்கு உரியதன்று. தப்பியோடச் சில நொடிகளைப் பெற்றுத் தருவதும், பிறரை உதவிக்கு அழைப்பதும் என இரண்டே வேலைகள் அதற்கு உண்டு. இவற்றை மனத்தில் கொண்டால் தேர்வு எளிதாகிவிடும். எந்தக் கருவியைப் பார்த்தாலும் நான்கு கேள்விகள் கேட்க வேண்டும்.

1. நடுங்கும் ஒற்றைக் கையால் அதை இயக்க முடியுமா?
2. தேவைப்படும் நொடியில் அது கைக்கு எட்டுமா?
3. அது பிடுங்கப்பட்டால் நம் நிலை என்ன?
4. தவறி இயங்கினால் யாருக்குக் கேடு?

பையில் கத்தி வைத்திருப்பது நலம் என்று எண்ணுவோர் உண்டு. மூன்றாம் கேள்வியிலேயே கத்தி தோற்றுவிடுகிறது. வலிமை மிகுந்தவன் அதைப் பிடுங்கினால் நம் கருவியே நமக்கு எமன். கடைகளில் விற்கும் மின் அதிர்ச்சிக் கருவியை எதிரியின் உடலில் வைத்து அழுத்தினால்தான் பயன். விலகி ஓட வேண்டியவர் நெருங்கிச் செல்ல வேண்டியிருப்பதால் அதுவும் நமக்கு ஏற்றதன்று. எஞ்சியவற்றைச் சற்று விரிவாகக் காண்போம்.

மிளகா, மிளகாயா?

'பெப்பர் ஸ்பிரே' என்பதை மிளகுத் தெளிப்பான் என்று எழுதுகிறோம். உண்மையில் அதில் மிளகு இல்லை. மிளகின் காரத்திற்குக் காரணம் பைப்பரின் என்னும் பொருள். தெளிப்பானில் இருப்பதோ மிளகாயிலிருந்து பிரித்தெடுக்கும் எண்ணெய்ப் பிசின். அதன் காரப்பொருள் கேப்சைசின். மூலக்கூறு வாய்பாடு C₁₈H₂₇NO₃. மிளகாய்த் தெளிப்பான் என்பதே பொருத்தமான பெயர்.

நம் நரம்பு முனைகளில் TRPV1 என்னும் ஏற்பி உள்ளது. ஏறத்தாழ 43 பாகை செல்சியசுக்கு மேற்பட்ட வெப்பத்தை உணர்த்துவது அதன் பணி. கேப்சைசின் அதே ஏற்பியில் பொருந்துவதால், சூடே இல்லாதபோதும் 'எரிகிறது' என்ற செய்தி மூளைக்குச் செல்கிறது. 1997இல் இதைக் கண்டறிந்த டேவிட் ஜூலியஸ், 2021ஆம் ஆண்டு மருத்துவ நோபல் பரிசை ஆர்டெம் பட்டபூட்டியனுடன் பகிர்ந்துகொண்டார். 1912இல் வில்பர் ஸ்கோவில் வகுத்த கார அளவையில் குண்டூர் மிளகாய் சில பத்தாயிரம் அலகுகள் பெறும். தூய கேப்சைசின் 1 கோடியே 60 இலட்சம் அலகுகள் பெறும். தெளிப்பான் முகத்தில் பட்டால் கண் இமைகள் தாமே மூடிக்கொள்ளும், இருமல் வரும், மூச்சு திணறும். அரை மணி முதல் ஒரு மணி நேரத்தில் பெரும்பாலும் தணிந்துவிடும்.

இந்தியாவில் இதை வாங்க உரிமம் தேவையில்லை. வாங்கும்போது கவனிக்க வேண்டியவை சில உள்ளன. பிசின் எத்தனை விழுக்காடு என்பதை மட்டும் பார்த்து ஏமாறக்கூடாது. அதிலுள்ள காரப்பொருளின் அளவே வீரியத்தைக் காட்டும். புகைபோல் பரவும் வகை குறி தவறினாலும் படும், ஆனால் காற்றடித்தால் நம் முகத்திற்கே திரும்பும். நீர்த்தாரை வகையும் களி வகையும் காற்றில் அவ்வளவாகச் சிதறா, ஆனால் குறி தேவை. காலாவதி நாள் கடந்தால் உள்ளிருக்கும் அழுத்தம் குறைந்து துளித்துளியாக வடியக்கூடும். நம் ஊர் வெயிலில் இருசக்கர வண்டியின் இருக்கைக்கு அடியில் வைப்பது பெருந்தவறு. அழுத்தம் ஏறிக் கலம் வெடிக்கலாம்.

மூடிய இடத்தில் இதன் விளைவு என்ன என்பதற்கு நாடே கண்ட சான்று உண்டு. 2014 பிப்ரவரி 13 அன்று, தெலங்கானா மசோதா மக்களவைக்கு வந்தபோது, உறுப்பினர் எல். இராஜகோபால் அவைக்குள் இதைத் தெளித்தார். கட்சி வேறுபாடின்றி உறுப்பினர்கள் இருமிக்கொண்டே வெளியேறினர். சிலரை மருத்துவமனைக்குக் கொண்டு செல்ல நேர்ந்தது. அவ்வளவு பெரிய மண்டபத்திலேயே அந்நிலை என்றால், கூட்ட நேர மின்ரயில் பெட்டியில் என்ன ஆகும் என்று எண்ணிப் பாருங்கள். ஆஸ்துமா உள்ள மூதாட்டியும் கைக்குழந்தையும் அங்கே இருப்பர். ஆகவே இது திறந்த வெளிக்கு உரிய கருவி.

வீட்டு மிளகாய்த்தூள் பொட்டலமும் இவ்வினத்தைச் சேர்ந்ததே. செலவில்லை, ஆனால் பிரித்து வீசுவதற்குள் நேரம் போகும், காற்று எதிர்த்தால் நம் கண்ணே முதலில் எரியும். தவறி நம்மேல் பட்டால் கண்ணைக் கசக்கலாகாது. கேப்சைசின் எண்ணெயில் கரையும், நீரில் எளிதில் கரையாது. எனவே கண்ணை ஓடும் நீரில் நெடுநேரம் கழுவ வேண்டும். தோலைச் சோப்பு நீரால் கழுவ வேண்டும்.

ஓசையும் ஒளியும்

எல்லாவற்றிலும் எளியது விசில். அச்சத்தில் தொண்டை அடைத்துக் குரல் எழும்பாமல் போவது இயல்பு. குரல் எழும்பாத அந்நேரத்திலும் ஊத மூச்சிருக்கும். உள்ளே உருண்டை உள்ள விசில் எச்சிலும் தூசும் சேர்ந்து அடைத்துக்கொள்ளலாம். உருண்டை இல்லாத வகை நல்லது. கழுத்தில் கயிறு கட்டித் தொங்கவிட வேண்டா. அக்கயிற்றையே பிடித்து இழுக்க முடியும். பையின் தோள்பட்டையில் கோத்து வைப்பதே சிறந்தது.

முள்ளை இழுத்தால் அலறும் மின்கல ஒலிப்பான்களும் உண்டு. தடையற்ற வெளியில், தொலைவு இரட்டிக்கும்போதெல்லாம் ஒலியளவு சுமார் 6 டெசிபல் குறையும். ஒரு மீட்டரில் 120 டெசிபல் எழுப்பும் ஒலிப்பான், 32 மீட்டரில் சுமார் 90 டெசிபலாகக் கேட்கும். உட்தெரு ஒன்றில் பத்து வீட்டாரை எழுப்ப இது போதும். இக்கருவி பிடுங்கப்பட்டாலும் நமக்குக் கேடில்லை. தவறி இயங்கினால் சற்று வெட்கம், அவ்வளவே. நான்கு கேள்விகளிலும் தேறுவது இதுதான்.

கைவிளக்கையும் தள்ளிவிட முடியாது. இருளுக்குப் பழகிய கண்ணில் ரொடாப்சின் என்னும் நிறமி நிறைந்திருக்கும். திடீரென்று பாயும் கூரிய ஒளி அதைச் சிதைக்கும். முழுப் பார்வை மீள இருபது, முப்பது நிமிடங்கள் ஆகும். சில நொடிகள் எதிரியைத் தடுமாறச் செய்யலாம். அதைவிடப் பெரிய பயன், தெருவிளக்கு எரியாத இடத்தில் யார் நிற்கிறார் என்பதை முன்கூட்டியே காட்டுவதாகும்.

கைபேசியும் அபாயச் சங்கிலியும்

விலையின்றி நம்மிடம் ஏற்கெனவே இருக்கும் கருவிகள் இவை. எந்த அவசரத்திற்கும் 112, பெண்களுக்கான உதவிக்கு 181, ரயிலில் 139 என்ற எண்களை மனப்பாடமாகவே வைத்திருக்கலாம். 2022இல் தமிழகக் காவல்துறை வெளியிட்ட 'காவல் உதவி' செயலியில் அவசரப் பொத்தான் உண்டு. ஆபத்து வந்தபின் இதைத் தேடிக்கொண்டிருக்க முடியாது. வீட்டில் அமர்ந்து ஒருமுறை பழகிக்கொள்ள வேண்டும். ரயில் பெட்டியில் உள்ள அபாயச் சங்கிலியைத் தக்க காரணமின்றி இழுப்பதே குற்றம். ஒருவர் தாக்கப்படுவது தக்க காரணமே. அபராதத்திற்கு அஞ்சிக் கையைக் கட்டிக்கொள்ள வேண்டியதில்லை.

சட்டம் என்ன சொல்கிறது?

2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 34 முதல் 44 வரையிலான பிரிவுகள் தற்காப்புரிமையைக் கூறுகின்றன. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் இவை 96 முதல் 106 வரை இருந்தன. ஆபத்து வரும் என்ற நியாயமான அச்சம் எழும்போதே உரிமை தொடங்கும். முதல் அடி விழும்வரை காத்திருக்க வேண்டியதில்லை. அச்சம் நீங்கியதும் உரிமையும் நீங்கும். தேவைக்கு மிஞ்சித் தீங்கு செய்யலாகாது.

2024 மே மாதம் கர்நாடக உயர் நீதிமன்றத்தின் முன் ஒரு வழக்கு வந்தது. இடத்தகராறில் மிளகாய்த் தெளிப்பானைப் பயன்படுத்தியவர்கள், அது தற்காப்பே என்று வாதிட்டனர். உடனடி உயிராபத்து இல்லாதபோது அவ்வாறு பயன்படுத்த முடியாது என்று கூறி, வழக்கை ரத்து செய்ய நீதிமன்றம் மறுத்தது. தெளிப்பானை ஆபத்தான ஆயுதமாகவும் கருதியது. ஆகவே கேலி பேசியவன்மேல் கோபத்தில் அடிக்கவும், ஓடுபவனைத் துரத்தி அடிக்கவும் இது உரியதன்று. அடித்துவிட்டு ஓட வேண்டும். ஓடியபின் காவல் நிலையத்தில் நடந்ததைச் சொல்ல வேண்டும்.

கருவியின் மறுமுனை

இவ்வளவும் சொன்னபின் ஓர் உண்மையை மறைக்கலாகாது. பரங்கிமலையில் அந்த மாணவிக்கு எந்தக் கருவியும் உதவியிராது. அது கண்ணிமைக்கும் நேரத்தில் நிகழ்ந்தது. நுங்கம்பாக்கத்தில் அன்று நடைமேடையில் மக்கள் இருந்தனர். கொலையாளியைத் தடுக்க எவரும் முன்வரவில்லை என்பதே நாடெங்கும் பேசப்பட்டது. அந்நிலையத்தில் கண்காணிப்புக் கேமராவும் அப்போது இல்லை.

விசிலுக்கு இரு முனைகள் உண்டு. ஒரு முனையில் ஊதுபவர், மறுமுனையில் கேட்பவர். கேட்பவர் திரும்பிப் பார்க்காவிட்டால் 120 டெசிபலும் வெறும் இரைச்சல்தான். மாணவ நண்பர்களே! இக்கட்டுரை மாணவியருக்கு மட்டும் எழுதப்பட்டதன்று. விசில் சத்தம் கேட்டால் நின்று பாருங்கள். தனியே பாய்ந்து சண்டையிட வேண்டா, நான்கு பேராகச் சேர்ந்து குரல் கொடுங்கள், 112க்கு அழையுங்கள். தவறு செய்பவன் பெரிதும் அஞ்சுவது பலருடைய பார்வைக்கே.

முடிவுரை

சுருங்கக் கூறின், முதலில் விசில் அல்லது ஒலிப்பான், அடுத்துக் கைவிளக்கு, திறந்த வெளியில் தனித்து நடக்க வேண்டியவருக்கு மிளகாய்த் தெளிப்பான் என்பதே என் வரிசை. எதை வாங்கினாலும் பையின் அடியில் புதைத்து வைக்காமல், கைக்கு எட்டும் இடத்தில் வைத்து, வாரம் ஒருமுறை எடுத்துப் பழக வேண்டும். நம் கல்லூரி நாட்டு நலப்பணித் திட்ட முகாமில் அரைநாள் இப்பயிற்சிக்கு ஒதுக்குமாறு பேராசிரியப் பெருமக்களைப் பணிவுடன் வேண்டுகிறேன். மாலை வகுப்பு முடிந்து தாம்பரம் செல்வோர் நான்கைந்து பேராகச் சேர்ந்து செல்ல, வகுப்புதோறும் ஒரு பட்டியல் எழுதிக்கொள்வதை நாளைக்கே தொடங்கலாம். அதற்குச் செலவு ஒரு தாள் மட்டுமே.