மருத்துவ சீட்டும் தாலுகா ஆபீஸும்

நீட் எழுதிவிட்டு உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளே, இது உங்களுக்கும் உங்கள் பெற்றோருக்கும். இட ஒதுக்கீடு உங்கள் உரிமை. யாரும் போடுகிற பிச்சை இல்லை. ஆனால் கலந்தாய்வில் அந்த உரிமைக்காகப் பேசப்போவது சான்றிதழ் மட்டும்தான். அரசுப் பள்ளித் தலைமையாசிரியராக இருந்து பார்த்ததைச் சொல்கிறேன்.

1. ரிசல்ட் வரட்டும் என்று இருக்காதீர்கள். விண்ணப்பம் திறந்தால் சில நாள்தான் அவகாசம். அப்போது ஊரே இ-சேவை மையத்தில் நிற்கும். பரீட்சை முடிந்த வாரமே சான்றிதழ் வாங்கக் கிளம்புங்கள்.

2. ஜாதிச் சான்றிதழில் பட்டப்பெயர் போதாது. ‘கவுண்டர்’ என்று மட்டும் சொன்னால் கொங்கு வெள்ளாளரா, வன்னியக் கவுண்டரா என்று எப்படித் தெரியும்? முன்னவர் பிசி, பின்னவர் எம்பிசி. அரசுப் பட்டியலில் உள்ள பெயரே சான்றிதழில் இருக்க வேண்டும். அப்பா அல்லது அம்மாவின் சான்றிதழை உடன் எடுத்துப் போங்கள். பழங்குடியினருக்குச் சான்று தருவது தாசில்தார் அல்ல, கோட்டாட்சியர். அது தாமதமாகும், முந்திக்கொள்ளுங்கள்.

3. மாநிலக் கலந்தாய்வு வேறு, அகில இந்திய ஒதுக்கீடு வேறு. தமிழ்நாட்டுக் கலந்தாய்வில் மொத்த இட ஒதுக்கீடு 69 சதவீதம். பிசி, எம்பிசி சான்று செல்லும். அரசு மருத்துவக் கல்லூரிகளின் 15 சதவீத அகில இந்திய இடங்களில், 2021 முதல் ஓபிசிக்கு 27 சதவீதம் உண்டு. அதற்கு மத்திய அரசுப் படிவத்தில் தனியாக ஓபிசி சான்று வாங்க வேண்டும். உங்கள் ஜாதி மத்தியப் பட்டியலிலும் இருக்கிறதா என்று பாருங்கள்.

4. “எங்களுக்கு வருமானம் எட்டு லட்சத்தைத் தாண்டிவிட்டது, ஓபிசி கிடைக்காது” என்று நீங்களே முடிவு கட்டாதீர்கள். வசதி படைத்தவர்களை ஓபிசி ஒதுக்கீட்டிலிருந்து விலக்கும் ‘கிரீமி லேயர்’ கணக்கில் பெற்றோரின் சம்பளமும் விவசாய வருமானமும் சேராது. கடை, வாடகை போன்ற மற்ற வருமானம்தான் கணக்கு. ஆனால் அப்பாவோ அம்மாவோ குரூப் ஏ பதவியில் நேரடியாகச் சேர்ந்தவரானால், வருமானம் பார்க்காமலே கிரீமி லேயர்தான். பழைய ஓபிசி சான்று வீட்டில் இருந்தாலும் இந்த ஆண்டுக்குப் புதிதாக வாங்குங்கள்.

5. 7.5 சதவீத உள் ஒதுக்கீடு 2020இல் சட்டமானது. ஆறு முதல் பன்னிரண்டு வரை அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்கு அது. மாநகராட்சி, ஆதிதிராவிடர் நல, கள்ளர் சீரமைப்புப் பள்ளிகளும் சேரும். அரசு உதவிபெறும் பள்ளி சேராது. கல்வி உரிமைச் சட்டத்தில் தனியார் பள்ளியில் எட்டு வரை படித்து, ஒன்பதிலிருந்து அரசுப் பள்ளிக்கு வந்தவர்களுக்கும் இடம் உண்டு. பள்ளி மாறியவர்கள் ஒவ்வொரு பள்ளியிலும் படிப்புச் சான்று வாங்குங்கள். மே மாதத்தில் தலைமையாசிரியர் ஊரில் இருப்பாரா என்று முன்பே கேட்டுக்கொள்ளுங்கள்.

6. இடையில் ஒரு வகுப்பு வெளிமாநிலத்தில் படித்திருந்தாலும் மாநில ஒதுக்கீட்டுக்கு இருப்பிடச் சான்றும் பெற்றோரின் ஆவணங்களும் தேவை. இரண்டு மாநிலத்தில் ‘இந்த ஊர்க்காரன்’ என்று விண்ணப்பிக்காதீர்கள். சீட்டும் போகும், வழக்கும் வரும்.

7. பெயரைப் பாருங்கள். டி.சி.யில் ‘மு. செல்வி’, ஆதாரில் ‘செல்வி முருகன்’, நீட் விண்ணப்பத்தில் ‘செல்வி எம்’ என்றிருந்தால் மூன்று பெண்கள் போலத் தோன்றும். மதிப்பெண் பட்டியலில் உள்ளபடி மற்றதைத் திருத்துங்கள். முடியாவிட்டால் மூவரும் ஒருவரே என்பதற்குச் சான்று வாங்கி வையுங்கள்.

8. மாற்றுத்திறனாளிகளுக்கு 5 சதவீதம். வீட்டில் உள்ள பழைய அட்டையை நம்பி இருந்துவிடாதீர்கள். கலந்தாய்வுக் குழு குறிப்பிடும் மருத்துவ வாரியத்தின் சான்றுதான் செல்லும்.

9. பிரவுசிங் சென்டரில் பதிவு செய்தாலும் உங்கள் செல்போன் எண்ணையே கொடுங்கள். ஓடிபி அவர்களுக்குப் போனால் நீங்கள் அவர்கள் வாசலில்தான் நிற்க வேண்டும். கல்லூரியில் சேரும்போது ஒரிஜினல் கேட்பார்கள்; ஜெராக்ஸ் எத்தனை செட் இருந்தாலும் அதற்கு ஈடாகாது.

10. எங்காவது மனு நகராமல் கிடந்தால் புரோக்கரிடம் போகாதீர்கள். ஒப்புகைச் சீட்டோடு திங்கட்கிழமை கலெக்டர் ஆபீஸ் குறைதீர் கூட்டத்துக்குப் போங்கள். கடைசித் தேதி என்றைக்கு என்பதை மனுவின் முதல் வரியிலேயே எழுதிக் கொடுங்கள்.